நளினியின் வீட்டுக்கு வந்த காவலர்

*குடும்பக் குழு*

நளினி (டோக்கியோ): நேற்று மாலை எங்கள் தெருமுனையில் உள்ள கோபான் என்னும் சிறு காவல் சாவடியிலிருந்து ஒரு காவலர் வீட்டுக்கு வந்து, குடும்பத்தில் எத்தனை பேர், அவசரத்துக்கு யாரை அழைக்க வேண்டும் என்றெல்லாம் எழுதித் தரும்படி ஓர் அட்டையைக் கொடுத்துவிட்டுப் போனார்.

பத்மா: காவலர் வீடு தேடி வந்தார் என்று படித்ததுமே எனக்கு நெஞ்சு படபடத்துவிட்டது. ஏதேனும் வழக்கா, நளினி?

நளினி: இல்லை அம்மா, இங்கே இது வாடிக்கைதான். வழி தெரியாதவரும் பணப்பையைத் தொலைத்தவரும் முதலில் கோபானுக்குத்தான் போவார்கள். டோக்கியோவில் வீடு திரும்பக் காசில்லாதவருக்கு ரயில் கட்டணத்தைக் கடனாகக் கொடுப்பதும் உண்டு. சிற்றூர்ச் சாவடிகளில் காவலர் குடும்பத்தோடு குடியிருப்பார். சிங்கப்பூரும் இதைப் பார்த்துத்தான் 1983-இல் குடியிருப்புப் பகுதிகளில் சிறு காவல் நிலையங்களைத் திறந்தது. நம் ஊரில் மட்டும் ஏன் காவல் நிலையப் படி ஏறவே அஞ்சுகிறோம், மாமா?

சண்முகம்: அந்த அச்சம் நேற்று வந்ததல்ல. 1857 கிளர்ச்சிக்குப் பிறகு, 1861-இல் ஆங்கிலேயர் இயற்றிய காவல் சட்டம் முன்மாதிரியாகக் கொண்டது லண்டன் காவல்துறையை அல்ல. அயர்லாந்து மக்களை அடக்கி வைக்க ஆயுதத்தோடு பாசறைகளில் தங்கியிருந்த காவற்படையை. லண்டன் தெருக்களுக்கோ அன்றைய பிரிட்டிஷ் உள்துறை அமைச்சர் ராபர்ட் பீல் 1829-இலேயே துப்பாக்கி இல்லாத காவலரை அனுப்பிவிட்டார். சொந்த மக்களுக்குத் தடி போதும், ஆளப்படுபவர்களுக்குத்தான் துப்பாக்கி வேண்டும் என்பது அவர்கள் கணக்கு! புலனாய்வையும் சட்டம் ஒழுங்குப் பணியையும் பிரிக்கும்படி 2006-இல், காவல்துறைச் சீர்திருத்தம் கோரிய பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது இன்னும் முழுமையாக நிறைவேறவில்லை.

ஆயினும் கோபானின் வாசலை மட்டும் பார்த்து ஜப்பானை மெச்சிவிடாதே. அங்கே கைதானவர்மீது குற்றம் சாட்டாமலேயே 23 நாள் வரை காவலில் வைத்து, வழக்கறிஞர் உடனில்லாத அறையில் விசாரிக்கலாம். 1966-இல் கைதாகித் தூக்குத்தண்டனை பெற்ற இவாவோ ஹகமாடா நிரபராதி என்று 2024-இல்தான் தீர்ப்பு வந்தது. சான்றுகள் புனையப்பட்டவை என்று நீதிமன்றமே கூறியபோது அவருக்கு வயது 88.

இளங்கோ (லண்டன்): இங்கிலாந்தில் 1984-ஆம் ஆண்டுச் சட்டப்படி பொதுவாக 24 மணி நேரம்தான், மாமா, கடுங்குற்றமானால் நீதிமன்ற அனுமதியோடு 96 மணி நேரம் வரை நீளலாம், பயங்கரவாத வழக்குகளுக்கு மட்டும் தனி விதி. கைதானவரைப் பார்த்துக்கொள்ளும் அதிகாரிக்கு அந்தப் புலனாய்வில் பங்கிருக்கக் கூடாது, வழக்கறிஞர் இலவசம், விசாரணை பதிவாகும். காவலரிடம் துப்பாக்கி இல்லை என்பதைவிட எனக்கு இதுவே பெரிதாகப் படுகிறது.

சண்முகம்: 24 மணி நேரத்துக்குள் நடுவர் முன் நிறுத்த வேண்டும் என்று நம் அரசமைப்பின் 22-ஆம் பிரிவும் சொல்கிறது, விசாரணை அறைகளிலும் ஒலியோடு பதியும் கேமரா வேண்டும் என்று 2020-இல் உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. ஏட்டளவில் நாம் ஜப்பானுக்கு மேலே!

பத்மா: அதெல்லாம் இருக்கட்டும் அண்ணா, அந்த அட்டையை அவள் நிரப்பித்தான் ஆக வேண்டுமா?

சண்முகம்: கட்டாயமில்லை, பத்மா.

நளினி: நிலநடுக்கம் வந்தால் தேட ஆள் வேண்டுமே என்பதற்காக, அவசரத் தொடர்பை மட்டும் எழுதித் தரப் போகிறேன். உங்கள் எண்ணைத்தான் கொடுக்கிறேன், அம்மா. ஜப்பானிய மொழியில் யாரேனும் அழைத்தால் பதறாமல் இளங்கோ அண்ணாவிடம் சொல்லிவிடுங்கள்.