கதையில் வரும் கால விஞ்ஞானி: ஆய்வகத்தில் அவருக்கு என்ன வேலை?

மணல்கடிகை:
காலத்தை ஆராயும் இயற்பியலாளர்தான் என் நாவலின் நாயகி. காலகட்டம் 1955–75. கால இயந்திரமெல்லாம் கிடையாது. ஆய்வகத்தில் அவர் கை எதைத் தொடும், எது பிசகினால் அவருக்குத் தூக்கம் போகும்?

சீசியம்133:
சரியான ஆண்டில்தான் தொடங்குகிறீர்கள். 1955-ல்தான் இங்கிலாந்தின் டெடிங்டனில், தேசிய இயற்பியல் ஆய்வகத்தில், லூயி எஸ்ஸனும் ஜாக் பாரியும் சீசியம் கடிகாரத்தை (சீசியம் அணுவின் அலைவெண்ணை வைத்து நேரம் அளக்கும் அணுக் கடிகாரம்) இயக்கினார்கள். அதற்கு முள் கிடையாது, இரவும் பகலும் ஓடவும் இல்லை. குவார்ட்ஸ் கடிகாரங்களை அவ்வப்போது சரிபார்க்கத்தான் பயன்பட்டது.

அமைப்பு இதுதான்: நீண்ட வெற்றிடக் குழாய், ஒரு முனையில் சீசியத்தை ஆவியாக்கும் சிறு அடுப்பு. முதல் காந்தம் வேண்டிய நிலையிலுள்ள அணுக்களை மட்டும் பிரித்தனுப்பும். வழியில் இரண்டு இடங்களில் மைக்ரோ அலை படும். அலைவெண் பொருந்தினால் அணுவின் நிலை மாறும். அடுத்த காந்தம் அதைச் சூடான டங்ஸ்டன் கம்பிமேல் திருப்பும். அங்கே அயனியாகி மின்னோட்டம் தரும். நாயகி அலைவெண்ணை நகர்த்தி, மின்னோட்டம் உச்சம் தொடும் இடத்தைத் தேடுவார். உச்சத்துக்கு இருபுறமும் குட்டி உச்சங்கள் உண்டு. அவற்றில் ஒன்றைப் பிடித்துவிட்டால் அன்றைய அளவீடு முழுக்கத் தப்பு.

நொடிமுள்:
தூக்கம் கெடுப்பது காந்தப்புலம். அணு நிலைகளைப் பிரித்துக்காட்ட மெல்லிய புலம் ஒன்று உள்ளே இருந்தே ஆக வேண்டும்; ஆனால் அதே புலம் அலைவெண்ணைத் தள்ளிவிடும். தள்ளல் புலத்தின் இருமடிக்கு ஏற்றது: ஒரு காஸ் (காந்தப்புலத்தின் அலகு) என்றால் 427 ஹெர்ட்ஸ். கவசமே இல்லாமல் பூமியின் புலம் (சுமார் 0.5 காஸ்) புகுந்தால் ஏறத்தாழ 107 ஹெர்ட்ஸ், அதாவது ஒரு நாளைக்கு ஒரு மில்லிநொடி. குவார்ட்ஸே அதைவிட ஒழுங்காக ஓடும்! கவசத் தகடு சரியாக மூடாததை ஒரு அத்தியாயத்துக்கு வைத்துக்கொள்ளலாம்.

மணல்கடிகை:
அருமை. பெரிய மோதல் ஒன்று வேண்டுமே. 1971-ல் விமானத்தில் கடிகாரங்களைக் கொண்டுபோனார்களே, அது?

சீசியம்133:
ஹாஃபலே–கீட்டிங் சோதனை, ஐன்ஸ்டீனின் சார்பியலைச் சோதிக்க. தரையில் இருந்த கடிகாரங்களைவிடக் கிழக்கே போனவை 59 நானோநொடி பின்தங்கின, மேற்கே போனவை 273 முந்தின. எல்லோரும் எடுத்தாளும் சங்கதி, எனக்கு அலுத்துவிட்டது. 1955–58-ஐப் பாருங்கள். வாஷிங்டன் கடற்படை வானாய்வகத்தில் வில்லியம் மார்க்கோவிட்ஸ் நிலவை விண்மீன்களோடு சேர்த்துப் படமெடுத்து வானியல் நொடியை (வான்பொருள்களின் நகர்வை வைத்து வரையறுத்த நொடியை) கணக்கிட்டார். டெடிங்டனில் எஸ்ஸன் அணுவை அளந்தார். வானொலி நேரக் குறிப்புகளால் இரண்டையும் ஒப்பிட்டு வந்த எண்தான் 9,19,26,31,770: ஒரு நொடியில் சீசியத்தின் மைக்ரோ அலை இத்தனை முறை அதிரும். அதன் பிழை வரம்பு ±20; அந்தத் தடுமாற்றம் நிலவை அளந்த பக்கத்தில், அணுவில் இல்லை. 1967-ல் அந்த எண்ணே நொடியின் வரையறையானது.

நொடிமுள்:
இதில் ஒரு வில்லங்கம் உண்டு, கதைக்கு அது முக்கியம். அந்த வானியல் நொடி 18, 19-ஆம் நூற்றாண்டு அவதானிப்புகளிலிருந்து வந்தது. பூமியின் சுழற்சி அதற்குள் மெதுவாகிவிட்டது. ஆக, அணு நொடி பிறந்தபோதே, பூமியின் சுழற்சி தரும் நொடியைவிடச் சற்றுக் குட்டை. அதைச் சரிக்கட்டவே முதல் லீப் நொடி (கடிகாரத்தில் கூடுதலாகச் சேர்க்கும் ஒரு நொடி) 1972 ஜூன் 30 அன்று சேர்க்கப்பட்டது. உலக நேரம் 23:59:60. நாயகி அன்றிரவு பணியில் இருந்தே ஆக வேண்டும்.