பழம்பொருள் கடைக் காட்சியில் சிரிப்பு வர மாட்டேங்குது

பள்ளத்தூரான்: 10 நிமிடக் குறும்படம். காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவில் ஒரு பழம்பொருள் கடை. சாமான் பார்க்க வந்தவன் சுவரில் தன் ஐயாவின் (தாத்தாவின்) படத்தைக் காண்கிறான். "பிரேமுக்குத்தான் விலை, படம் சும்மா" என்கிறார் கடைக்காரர். வாசிப்பில் எல்லாரும் கண்கலங்குறாங்க, ஒருத்தர்கூடச் சிரிக்கலை. எங்கே பிசகு?

இரண்டாங்கட்டு: கடைக்காரரைக் கல்நெஞ்சுக்காரரா எழுதியிருப்பீங்க. அவர் தங்கமான மனுஷனா இருக்கணும். டீ சொல்லுவார், ஃபேனை இவன் பக்கம் திருப்புவார், சட்டத்தை விரல் முட்டியால் தட்டிக் காட்டி "பர்மா தேக்குண்ணே" என்பார். அப்புறம், "இவர் வேணாம்னா கழட்டிட்டு உங்க படத்தை மாட்டித் தர்றேன், கூலி வேணாம்." அந்த உபகாரத்தில்தான் சிரிப்பும் வரும், வயித்தையும் பிசையும்.

"இவர் எங்க ஐயா" வசனம் இருந்தா வெட்டிருங்க. சொன்ன கணமே கடைக்காரர் பதறிடுவார், காட்சி அங்கேயே முடிஞ்சிரும். சொல்லாததால் அவன் சாதாரண வாடிக்கையாளன் மாதிரி பேரம் பேசியாகணும். விலை 3,000, 2,200, 1,500 என்று இறங்கட்டும். ஐயாவின் மதிப்பை இறக்குறது பேரனேதான். ஃபோனில் பணம் போனதும் கல்லாமேல் இருக்கும் ஸ்பீக்கர் பெட்டி தொகையை உரக்கச் சொல்லும். அதுக்கப்புறம் மட்டும் 4 விநாடி மௌனம். மத்த இடத்தில் வசனம் விறுவிறுன்னு போகணும், எல்லா இடத்திலும் நிறுத்தினால் சீரியல் ஆயிடும்.

விலாசம்: யார் வித்தாங்கன்னு விளக்காதீங்க. "வளவு பிரிச்சாங்கள்ல, அதுல வந்துச்சு" போதும் (வளவுன்னா பங்காளிகளோட பூர்வீக வீடு), நம்ம பக்கம் பங்காளி கணக்கு எல்லாருக்கும் தெரியும். படத்துக்கு முன்னாடி அவன் ஒரு பித்தளைத் தூக்கைத் திருப்பிப் பார்க்கட்டும், விளிம்பில் அவன் வீட்டு விலாசம் (குடும்பத்து முதலெழுத்துகள்) வெட்டியிருக்கும். வசனமே வேணாம்.

பள்ளத்தூரான்: அருமை, வசனத்தை எடுத்துட்டேன். ஒரிஜினல் பழைய படம் கிடைச்சிருக்கு. கண்ணாடியில் கேமரா தெரியுது, கழட்டலாமா?

டியூப்லைட்: கழட்டாதீங்க! ஈரத்தில் படத்தின் ஜெலட்டின் கண்ணாடியோடு ஒட்டியிருக்கும், இழுத்தால் முகம் உரிஞ்சு வந்திரும். அது யாரோ ஒரு குடும்பத்துப் பெரியவர், அவங்க சம்மதம் இல்லாம காட்டுறதும் சரியில்லை. சம்மதம் உள்ள படத்தை ஸ்கேன் பண்ணி, மேட் தாளில் அச்செடுத்து, கண்ணாடி இல்லாத சட்டத்தில் மாட்டுங்க. கண்ணாடி வேணும்னா மேல் விளிம்புக்குப் பின்னால் அட்டையை மடிச்சுச் சொருகி, சட்டத்தை முன்னால் சாய்ச்சுருங்க.

கடையில் பழைய டியூப்லைட் இருந்தால் விநாடிக்கு 24 ஃபிரேம் எடுக்கும்போது கேமரா ஷட்டரை 1/50 விநாடி வைங்க. நம்ம மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், 1/60 வச்சால் திரையில் பட்டை ஓடும்.