மாமனாரின் கணக்கு: பெர்னார்ட் ஷாவை வாசித்த அனுபவம்

கல்லூரி நாடகக் குழுவில் பெர்னார்ட் ஷாவின் ‘விடோயர்ஸ் ஹவுசஸ்’ நாடகத்தைப் பாத்திரங்களைப் பங்கிட்டு வாசித்தோம். எனக்கு டிரெஞ்ச் என்ற இளம் மருத்துவரின் பாத்திரம் கிடைத்தது. 1892-இல் லண்டனில் அரங்கேறிய இது, ஷாவின் முதல் நாடகம். காதல், மரியாதை குறையாமல் காரியத்தை முடிக்கத் துடிக்கும் நண்பன், பிடிகொடுக்காத மாமனார் என்று முதல் அங்கம் வழக்கமான நகைச்சுவையாகவே நகர்வதால், கேட்டுக்கொண்டிருந்தவர்கள் தயங்காமல் சிரித்தார்கள்.

இரண்டாம் அங்கத்தில்தான் ஷா தம் வேலையைக் காட்டுகிறார். பெண்கள் மூவர் விழுந்து அடிபட்ட படிக்கட்டைச் செப்பனிட ஒரு பவுண்டு நான்கு ஷில்லிங் செலவழித்த குற்றத்துக்காக, வாடகை வசூலிக்கும் லிக்சீஸை அவனுடைய முதலாளியும் டிரெஞ்சுக்கு மாமனாராகப் போகிறவருமான சர்டோரியஸ் வேலையிலிருந்து நீக்குகிறார். வருங்கால மாமனாரின் செல்வம் ஏழைகளின் இடிந்த குடியிருப்புகளிலிருந்து வருகிறது என்பதை லிக்சீஸ் வழியாக அறியும் டிரெஞ்ச், அந்தப் பணமே வேண்டாம் என்று கொதிக்கிறான். அந்த வசனங்களை நான் முழு மனத்தோடு, குரலை உயர்த்தியே வாசித்தேன். கைப்பிடிக் கட்டைகளைப் புதிதாகப் போட்டால் மூன்றே நாளில் அவற்றை விறகாக எரித்துவிடுவார்கள் என்று சர்டோரியஸ் நிதானமாக விளக்கம் சொன்னபோதும் சிரிப்பு எழுந்தது.

அதன் பின்னர் அவர் டிரெஞ்சின் வருமானத்தைப் பற்றி விசாரிக்கிறார். ஆண்டுக்கு 700 பவுண்டு. அடமானக் கடனுக்கான வட்டி. அடமானத்தில் இருப்பவை அதே குடியிருப்புகள்தாம். அங்கே கசக்கிப் பிழிந்து வசூலாகும் வாடகையிலிருந்து முதலில் டிரெஞ்சுக்குரிய வட்டியைக் கட்டிய பிறகே மாமனாரால் தம் பங்கைத் தொட முடியும். இந்த இடத்தில் அறையில் ஒருவரும் சிரிக்கவில்லை. ஷாவின் பிற்கால நாடகங்களில் வசனம் இதைவிடக் கூர்மையானது என்பதை மறுக்க மாட்டேன். ஆயினும் நம்மை நல்லவன் பக்கம் நிறுத்திச் சிரிக்கவைத்து, அந்த நல்லவனின் வரவு செலவையே பிரித்துக் காட்டும் இந்த அமைப்பை நான் மிக உயர்வாக மதிக்கிறேன்.

மூன்றாம் அங்கத்தில் லிக்சீஸ் உரோம மேலங்கி அணிந்த பணக்காரனாகத் திரும்புகிறான். இடிபடவிருக்கும் வீடுகளுக்கு நல்ல இழப்பீடு பெறுவதற்காகவே அவற்றைச் செப்பனிடும் திட்டத்தில் எல்லோரும் கூட்டுச் சேர்கிறார்கள்; டிரெஞ்சும் சேர்கிறான், காதலும் கைகூடுகிறது. அவனைக் கடைசியிலாவது திருந்தவைத்திருக்கலாம் என்று குழுவில் சிலர் வாதிட்டார்கள். அவன் திருந்தியிருந்தால் நாங்கள் நிம்மதியாக வீட்டுக்குப் போயிருப்போம். ஷா அதற்கு இடம் கொடுக்கவில்லை.