ஒளிநாட்டக் குறியிடல்: இருட்டு மாதிரியில் பட்டை இல்லையென்றால் பிணைப்பே இல்லை என்று பொருளா?

பீளமேடு மாணவி (கேள்வி)

அனைவருக்கும் வணக்கம். நான் கோவையில் உயிர்வேதியியல் முதுநிலை இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். ஆய்வேட்டுடன் தமிழில் இரண்டு பக்கச் சுருக்கமும் தர வேண்டும். அதில் ‘ஃபோட்டோஅஃபினிட்டி லேபலிங்’ (தலைப்பில் சொன்ன ஒளிநாட்டக் குறியிடல்) என்ற சொல்லுக்கு நேராக ‘ஒளியால் தூண்டப்படும் பிணைப்பு’ என்று எழுதியிருந்தேன். என் வழிகாட்டி அதன் அடியில் சிவப்பு மையால் கோடிட்டு, “பிணைப்பு ஒளியாலா?” என்று மட்டும் எழுதித் திருப்பித் தந்துவிட்டார். அந்த இரண்டு சொற்களை வைத்துக்கொண்டு மூன்று நாட்களாக விழிக்கிறேன்.

என் சோதனை இதுதான். ஒரு நொதியின் தடுப்பானை எடுத்து, அதன் ஒரு முனையில் ஒளி பட்டால் வினைபுரியும் நைட்ரோபீனைல் அசைடு தொகுதியும் மறுமுனையில் அடையாளமாகப் பயோட்டினும் இணைக்கப்பட்ட ஈனியை (புரதத்தில் சென்று பிணையும் சிறு மூலக்கூறு) 5 மைக்ரோமோலார் செறிவில் நொதியுடன் கலந்தேன். முதல் குழாயைக் கலந்த கையோடு 365 நானோமீட்டர் புற ஊதா விளக்கின் கீழ் 30 நிமிடம் வைத்தேன். இரண்டாவதை அலுமினியத் தாளில் சுற்றி இருட்டில் வைத்தேன். மூன்றாவதையும் முதல் குழாயைப்போலவே ஒளியில் வைத்து, விளக்கை அணைத்த பிறகு, பயோட்டினும் அசைடும் இல்லாத வெறும் தடுப்பானைப் போட்டி ஈனியாக 500 மைக்ரோமோலார் அளவில் சேர்த்தேன். பிறகு மூன்றையும் கொதிக்கவைத்து ஜெல்லில் ஓட்டிப் புரதங்களை அளவுவாரியாகப் பிரித்து, பயோட்டினை இறுகப் பற்றும் ஸ்ட்ரெப்டாவிடின் புரதம் கொண்டு அதைத் தேடினேன்.

முதல் குழாயில் பட்டை தெரிந்தது, ஆனால் மங்கலாக. இருட்டுக் குழாயில் ஒன்றுமில்லை. மூன்றாவதில் முதல் குழாயில் வந்த அதே அளவு பட்டை. ஆகவே ஒளி இல்லாமல் பிணைப்பு நிகழவில்லை என்றும், போட்டி ஈனியால் பட்டை குறையாததால் இது குறிப்பிட்ட இடத்தில் நிகழும் பிணைப்பு அன்று என்றும் எழுதிவிட்டேன். ஆனால் ஒன்று மட்டும் உறுத்துகிறது. மூடிபோட்ட வெந்நீர்த் தொட்டிக்குள், வெளிச்சமே படாமல், இதே ஈனி நொதியின் வேலையை நன்றாகவே தடுக்கிறது. பிணையாமல் எப்படித் தடுக்க முடியும்?

திருப்பூர் அச்சுப்பட்டறை

வணக்கம். நான் இளநிலை வேதியியல் படித்துவிட்டுப் பனியன் துணிகளுக்கு ஸ்கிரீன் பிரிண்டிங் செய்துகொண்டிருப்பவன். நொதி எனக்குத் தூரம், ஆனால் ஒளியால் ஒட்டவைப்பது என் அன்றாடத் தொழில். எங்கள் பட்டறையில் மெஷ் துணியின் மேல் டையசோ கலந்த எமல்ஷனைப் பூசி, மஞ்சள் விளக்கு அறையில் காயவைத்து, அதன் மேல் பிலிமை வைத்து எக்ஸ்போஸ் செய்வோம். வெளிச்சம் பட்ட இடத்தில் டையசோ சேர்மம் நைட்ரஜனை இழந்து, பக்கத்தில் உள்ள பாலிவினைல் ஆல்கஹால் சங்கிலிகளைக் கட்டிப்போட்டுவிடும். படாத இடம் தண்ணீர் பீய்ச்சினால் கரைந்து போகும். எமல்ஷன் மெஷ்ஷில் ஒட்டியிருந்தது பூசிய நேரத்திலிருந்தே. வெளிச்சம் அதை நீரில் கரையாதபடி கெட்டியாக்கியது, அவ்வளவுதான். உங்கள் இருட்டுக் குழாய், எக்ஸ்போஸ் செய்யாமல் கழுவிய ஸ்கிரீனைப் போன்றது என்று தோன்றுகிறது. கழுவியபின் வெறும் மெஷ்ஷைப் பார்த்து, இதில் எமல்ஷன் பூசவே இல்லை என்று யாராவது சொல்வார்களா?

கோபி ஓய்வுபெற்ற ஆசிரியர்

அம்மிணி, திருப்பூர்த் தம்பி பாதிக்குமேல் சொல்லிவிட்டார். மீதியை நான் சொல்கிறேன்.

உங்கள் குழாயில் இரண்டு வேறுபட்ட நிகழ்வுகள் ஒன்றன்பின் ஒன்றாக நடக்கின்றன. முதலாவது, ஈனி நொதியின் குழிவிற்குள் சென்று உட்காருவது. ஹைட்ரஜன் பிணைப்பு, நீர்விலக்கு விசை போன்ற மெல்லிய பிடிகளால் நிகழும் இதற்கு ஒளி தேவையில்லை. ஈனி உள்ளே போவதும் வெளியே வருவதுமாக ஒரு சமநிலையில் இருக்கும். ‘நாட்டம்’ என்பது இந்தச் சமநிலையைக் குறிக்கும் சொல். இரண்டாவது, அப்படி உட்கார்ந்திருக்கும் நேரத்தில் ஒளி பட்டவுடன் அசைடு தொகுதி நைட்ரஜன் மூலக்கூறு ஒன்றை உதறிவிட்டு நைட்ரீன் என்னும் மிகுந்த வினைத்திறன் கொண்ட இடைநிலையாக மாறி, கைக்கெட்டும் தூரத்தில் இருக்கும் அமினோ அமிலத்துடன் சகப்பிணைப்பை உண்டாக்குவது. ‘குறியிடல்’ என்பது இதைத்தான். முதலாவது மீளக்கூடியது, இரண்டாவது மீளாதது. உங்கள் வழிகாட்டி கேட்ட கேள்விக்கு விடை இந்த வேறுபாட்டில்தான் இருக்கிறது.

இனி உங்கள் இருட்டுக் குழாயைப் பாருங்கள். அதிலும் ஈனி நொதிக்குள் உட்கார்ந்துதான் இருந்தது. வெந்நீர்த் தொட்டியில் நொதியின் வேலை தடைப்பட்டதே அதற்குச் சான்று. ஆனால் நீங்கள் அதைப் புரதத்தைக் குலைக்கும் சலவைப்பொருளான எஸ்.டி.எஸ். கரைசலில் கொதிக்கவைத்தீர்கள். புரதத்தின் மடிப்பே குலைந்தபின் குழிவு ஏது, அதற்குள் ஈனி ஏது? மெல்லிய பிடிகள் அனைத்தும் விட்டுப்போய், சகப்பிணைப்பு மட்டுமே ஜெல் வரை தாக்குப்பிடிக்கும். இருட்டு மாதிரியில் பட்டை இல்லாதது சோதனை சரியாக நடந்ததன் அடையாளம். அங்கே பட்டை வந்திருந்தால்தான், ஒளியின்றியே ஏதோ வினை நடக்கிறது என்று கவலைப்பட வேண்டும்.

மூன்றாவது குழாயில் நேர்ந்த தவறும் இதே குழப்பத்தில் பிறந்ததுதான். பேருந்தில் ஓர் இருக்கைக்கு இருவர் போட்டியிட வேண்டுமானால், முதலாமவர் உட்காரும் முன்போ, அவர் எழுந்து எழுந்து உட்காரும் நிலையிலோ மற்றவர் ஏற வேண்டும். நீங்கள் முதலாமவரை இருக்கையோடு சேர்த்துத் தைத்துவிட்டு இரண்டாமவரை ஏற்றியிருக்கிறீர்கள். நூறு மடங்கு என்ன, ஆயிரம் மடங்கு சேர்த்தாலும் சகப்பிணைப்பை அவரால் பிரிக்க முடியாது. போட்டி ஈனியை விளக்குப் போடுவதற்கு முன்பே சேர்த்து, இருட்டில் சமநிலைக்கு வரவிட்டு, அதன்பின் ஒளி காட்டுங்கள். பட்டை அப்போது குறைந்தால்தான் அந்தக் குறி உரிய குழிவில் விழுந்தது என்று சொல்லலாம்.

வரலாற்றையும் ஒரு வரி சொல்லாமல் போக மனம் வரவில்லை. ஹார்வர்டில் வெஸ்ட்ஹைமர் குழுவினர் 1962இல் கைமோட்ரிப்சின் நொதியின் மேல் டையசோஅசிட்டைல் தொகுதியை ஏற்றி ஒளியூட்டியதையே இம்முறையின் தொடக்கமாகச் சொல்வார்கள். அதில் அத்தொகுதி வேதிவினை மூலம் நொதியோடு முன்னமே இணைக்கப்பட்டிருந்தது. ஈனியின் இயல்பான நாட்டத்தை நம்பி அசைடை அனுப்பும் வழி 1969இல் ஃப்ளீட், போர்ட்டர், நோல்ஸ் ஆகியோர் எதிர்ப்பொருள்களின் மேல் செய்துகாட்டியது. நீங்கள் கையில் வைத்திருக்கும் நைட்ரோபீனைல் அசைடு அந்தக் குடும்பத்துப் பிள்ளைதான்.

ஒரு கேள்வி. பட்டை மங்கலாக இருந்தது என்கிறீர்களே, தாங்கல் கரைசலில் என்னென்ன இருந்தன? முழுமையாக எழுதுங்கள்.

பீளமேடு மாணவி

மிக்க நன்றி ஐயா. கொதிக்கவைக்கும்போது மெல்லிய பிடிகள் போய்விடும் என்பது பாடமாகத் தெரியும், ஆனால் என் குழாயில் அதுதான் நடந்தது என்று பொருத்திப் பார்க்கத் தோன்றவில்லை. தாங்கல் கரைசல் டிரிஸ் 50 மில்லிமோலார், கார அமிலக் குறியீடு (பி.எச்.) 8.0, சோடியம் குளோரைடு 100 மில்லிமோலார், நொதி கெடாமலிருக்க டைதியோதிரைட்டால் 1 மில்லிமோலார். குழாய்கள் சாதாரண மைக்ரோ குழாய்கள். மூடியபடியே நிறுத்திவைத்து விளக்கை மேலே பிடித்தேன்.

ஈரோடு ஆய்வகர்

பட்டை ஏன் மங்கல் என்பது அந்தக் கடைசிச் சேர்மத்திலேயே இருக்கிறது. (சுருக்கெழுத்தில் எழுதினால் பழைய பூச்சிமருந்தின் பெயரும் இதுவும் தமிழில் ஒன்றாகிவிடும், ஆகவே முழுப்பெயரையே எழுதுகிறேன்.) டைதியோதிரைட்டால் அரைல் அசைடை ஒடுக்கி அமீனாக மாற்றிவிடும். அதற்கு ஒளி தேவையில்லை, காரத்தன்மை சற்றுக் கூடினாலே வேகமாக நடக்கும். கார அமிலக் குறியீடு 8, அதன் மேல் 1 மில்லிமோலார் என்றால், உங்கள் 5 மைக்ரோமோலார் ஈனியைப்போல் இருநூறு மடங்கு ஒடுக்கும் பொருள் அங்கே காத்திருக்கிறது. ஈனி குழிவிற்குள் சரியாகவே உட்காரும், நொதியையும் தடுக்கும், ஆனால் ஒளி பட்டால் வெடிக்க வேண்டிய திரி நமுத்துப் போயிருக்கும். இவ்வினை பற்றி 1978இலேயே நோல்ஸ் குழுவினர் எச்சரித்திருக்கிறார்கள். நொதியை ஒரு சிறிய உப்புநீக்கும் பத்தியில் (சிறு மூலக்கூறுகளைப் பிரித்து நீக்கும் குழாய்) செலுத்தி அச்சேர்மத்தை நீக்கிவிட்டு உடனே சோதனையைச் செய்யுங்கள். நொதிக்குத் தயோல் வகை ஒடுக்கும் பொருள் இல்லாமல் ஆகாது என்றால் மெர்காப்டோஎத்தனாலைக் குறைந்த அளவில் முயன்று பார்க்கலாம், அது அசைடை மிக மெதுவாகவே தாக்கும். டிரிஸிலும் அமீன் தொகுதி உண்டு, அது வினைத்திறன் மிக்க இடைநிலைகளைத் தானே பிடித்துக்கொள்ளும். பாஸ்பேட் தாங்கல் கரைசலுக்கு மாறிக்கொள்ளுங்கள்.

அடுத்தது விளக்கு. மூடிய குழாயின் மூடி வழியே ஒளி காட்டுவது, ஜன்னலைச் சாத்திவிட்டுக் காற்று வரவில்லை என்பது போலத்தான். கரைசலைத் தட்டையான குழித்தட்டில் மெல்லிய படலமாகப் பரப்பி, பனிக்கட்டி மேல் வைத்து, திறந்தபடி நேராக ஒளி காட்டுங்கள். 365 நானோமீட்டர் உங்கள் நைட்ரோ அசைடுக்குப் பொருத்தமானதே. நைட்ரோ இல்லாத சாதாரண அரைல் அசைடாக இருந்திருந்தால் அது 300 நானோமீட்டருக்குக் கீழேதான் ஒளியை நன்றாக உறிஞ்சும், அப்போது புரதமே அடிபட ஆரம்பிக்கும்.

30 நிமிடம் மிக நீளம். நைட்ரீன் சில வேளைகளில் வளையம் விரிந்த வேறொரு சேர்மமாக மாறி, கொஞ்ச நேரம் உயிரோடு சுற்றிக்கொண்டிருக்கும். குழிவிலிருந்து வெளியேறி, கண்ட லைசீன் அமினோ அமிலத்திலும் ஒட்டிக்கொள்ளும். 1, 2, 5, 10 நிமிடம் என்று பிரித்து ஓட்டிப் பாருங்கள். கலந்தபின் இருட்டில் 20 நிமிடம் பனிக்கட்டியில் வைத்துவிட்டுத்தான் விளக்கைப் போட வேண்டும் என்பதை இனி நான் சொல்லத் தேவையில்லை.

கோபி ஓய்வுபெற்ற ஆசிரியர்

ஈரோட்டுக்காரர் சொன்னதோடு இன்னுமொரு குழாயைச் சேர்த்துக்கொள்ளுங்கள். ஈனியை மட்டும் தனியாக ஒளியில் வைத்து அதன் அசைடு முழுவதையும் செலவழித்துவிட்டு, பிறகு நொதியுடன் இருட்டில் கலந்து ஜெல்லில் ஓட்டுங்கள். அதிலும் பட்டை வந்தால், நீண்டநேரம் உயிர்வாழும் ஏதோ ஒன்று குறியிடுகிறது என்று பொருள். மேலும், பட்டை எவ்வளவு தடித்திருக்கிறதோ அவ்வளவு நாட்டம் என்று எழுதிவிடாதீர்கள். குறியிடும் விளைச்சல் பல நேரங்களில் சில விழுக்காடுதான், அதுவும் அசைடின் பக்கத்தில் எந்த அமினோ அமிலம் இருக்கிறது என்பதைப் பொறுத்தது. நன்றாகப் பிணையும் ஈனி மங்கலான பட்டையைத் தரக்கூடும்.

பொள்ளாச்சி மொழிபெயர்ப்பாளர்

சோதனையைப் பற்றிப் பேச எனக்குத் தகுதியில்லை, சொல்லைப் பற்றி மட்டும் பேசுகிறேன். ‘அஃபினிட்டி’ என்பதற்கு நாட்டம் என்பது நல்ல சொல். பள்ளி வேதியியல் நூலில் எலக்ட்ரான் நாட்டம் என்று படித்தவர்களுக்கு உடனே விளங்கும். ஆனால் இந்த இழையின் தலைப்பில் உள்ள ‘ஒளிநாட்டக் குறியிடல்’ இரண்டுபடப் பிரியும். செடி வெளிச்சத்தை நோக்கி வளைவதை ஒளிநாட்டம் என்று எழுதுவோர் உண்டு. தாவரவியல் மாணவர் ஒருவர் இதைப் படித்தால், ஒளியின்மேல் நாட்டம் கொண்ட எதற்கோ குறியிடுவதாக எண்ணுவார். நாட்டம் இங்கே ஈனிக்கும் புரதத்துக்கும் இடையில் இருப்பது, ஒளிக்கும் அதற்கும் தொடர்பில்லை. ஆகவே ‘ஒளிவழி நாட்டக்குறியிடல்’ என்று எழுதலாம். நாட்டக்குறியிடல் என்ற முறை ஒளி இல்லாமலும் உண்டு, அதே 1962இல் வோஃப்சி, மெட்ஸ்கர், சிங்கர் ஆகியோர் எதிர்ப்பொருள்களுக்காக வகுத்தது. அதன் ஒளிவழி வடிவம் இது என்று பெயரே சொல்லிவிடும்.

வினைச்சொல்லிலும் கவனம் வேண்டும். இருட்டில் நடப்பதற்குப் ‘பிணைந்தது’ என்றும், ஒளிக்குப் பின் நடப்பதற்குக் ‘குறியிடப்பட்டது’ என்றும் கட்டுரை முழுவதும் ஒரே சீராக எழுதினால் பாதிக் குழப்பம் தீரும்.

ஈரோடு ஆய்வகர்

மாணவி முதலில் எழுதிய ‘ஒளியால் தூண்டப்படும் பிணைப்பு’ என்ற தொடரைத் தூக்கி எறிந்துவிட வேண்டாம், அதற்கு வேறு இடம் இருக்கிறது. கடுகு இனத்தைச் சேர்ந்த அரபிடாப்சிஸ் என்னும் சிறு செடியில் கிரிப்டோகுரோம் 2 என்ற புரதம் நீல ஒளி பட்டால்தான் சி.ஐ.பி. 1 என்ற இன்னொரு புரதத்துடன் சேரும், இருட்டில் சில நிமிடங்களில் பிரிந்துவிடும். அங்கே பிணைப்பையே ஒளி ஆள்கிறது, சகப்பிணைப்பு எதுவும் இல்லை. அத்தொடர் அதற்கே உரியது.

பீளமேடு மாணவி

ஒரு வாரம் கழித்து வருகிறேன். உப்புநீக்கி, பாஸ்பேட்டுக்கு மாறி, குழித்தட்டில் 5 நிமிடம் ஒளி காட்டினேன். 40 கிலோடால்டன் (புரதத்தின் நிறையைச் சொல்லும் அலகு) அருகில் பட்டை இப்போது கண்ணை மூடிக்கொண்டு சொல்லும் அளவுக்குத் தெளிவாக இருக்கிறது. போட்டி ஈனியை முன்பே சேர்த்த குழாயில் அது ஏறத்தாழ மறைந்தே போய்விட்டது. இருட்டுக் குழாயிலும், முன்பே ஒளி காட்டிய ஈனிக் குழாயிலும் ஒன்றுமில்லை. சுருக்கத்தின் வரியை, “ஈனி இருட்டில் நொதியுடன் மீள்தன்மையுடன் பிணைந்தபின், புற ஊதா ஒளியூட்டி, அது பிணைந்த இடத்திலேயே சகப்பிணைப்பால் குறியிடப்பட்டது” என்று மாற்றினேன். வழிகாட்டி சிவப்பு மையைத் தொடவில்லை.

ஆனால் 66 கிலோடால்டன் அருகில் புதிதாக ஒரு மெல்லிய பட்டை தெரிகிறது. போட்டி ஈனி சேர்த்தும் அது கொஞ்சமும் குறையவில்லை. முன்பு எல்லாமே மங்கலாக இருந்ததால் கண்ணில் படவில்லை போலும்.

கோபி ஓய்வுபெற்ற ஆசிரியர்

66 என்றவுடன் எனக்கு மாட்டுச் சீர ஆல்புமின்தான் நினைவுக்கு வருகிறது. விலைக்கு வரும் நொதிகளில் நிலைப்புக்காக அதைச் சேர்ப்பார்கள். நீர்விலக்கும் மூலக்கூறு எது கிடைத்தாலும் பிடித்து வைத்துக்கொள்ளும் புரதம் அது. உப்புநீக்கும் பத்தி சிறு மூலக்கூறுகளை மட்டுமே நீக்கும், ஆல்புமினை நொதியோடு சேர்த்தே வெளியே விடும். குளிர்பெட்டியில் இருக்கும் புட்டியின் மேல் ஒட்டிய தாளைப் படித்துப் பாருங்கள் அம்மிணி.

பீளமேடு மாணவி

படித்தேன் ஐயா. கடைசி வரியில், பொடி எழுத்தில், ‘ஆல்புமின் சேர்க்கப்பட்டது’ என்று இருக்கிறது.