கொதித்தும் வேகாதவை, வைத்தும் பொங்காதவை: சமையலில் நேரம் நீண்டும் சுருங்கியும் போன அனுபவங்கள்

உதகையிலிருந்து ஓர் உறுப்பினர்

உறவினர் வீட்டுத் திருமணத்துக்குச் சமவெளியிலிருந்து வந்திருந்த சமையல் மாஸ்டரிடம் மலை அடுப்பைப் பற்றி யாரும் எதுவும் சொல்லியிருக்கவில்லை. அண்டாவில் துவரம்பருப்பு தளதளவென்று கொதித்துக்கொண்டிருந்தபோது, அவர் கரண்டியிலிருந்து ஒரு பருப்பை எடுத்து விரல்களுக்கு இடையே நசுக்கினார். அது மசியாமல் வழுக்கித் தரையில் தெறித்தது. இன்னும் விறகைத் தள்ளினார். கொதி கூடியதே தவிர வேக்காடு கூடவில்லை. ஏறத்தாழ 2,240 மீட்டர் உயரத்தில் தண்ணீர் 93 டிகிரியை எட்டுமுன்பே கொதித்துவிடுகிறது. அதற்குமேல் எவ்வளவு நெருப்பு வைத்தாலும் நீர் ஆவியாகப் போகுமே ஒழியச் சூடு ஏறாது. பந்திக்கு ஆட்கள் உட்காரத் தொடங்கியபோது அவர் முகத்தில் தெரிந்த அவமானம்தான் இன்றும் என் மனத்தை அரிக்கிறது. கைப்பக்குவத்தில் அவருக்கு எந்தக் குறையும் இல்லை.

தருமபுரியிலிருந்து

மலையைக் குறை சொல்லுமுன் தண்ணீரைப் பாருங்கள். எங்கள் வீட்டில் ஆழ்துளைக் கிணற்று நீரில் ஓர் அடுப்பிலும், பிடித்துவைத்த மழைநீரில் இன்னோர் அடுப்பிலும் ஒரே பையிலிருந்து எடுத்த பருப்பை என் மாமியார் வேகவைத்துக் காட்டினார். மழைநீரில் வெந்தது மத்து படுவதற்கு முன்பே கரைந்து நின்றது; மற்றதோ மத்துக்கு அடியில் உருண்டு ஓடியது. கடின நீரிலுள்ள கால்சியமும் மக்னீசியமும் பருப்பின் செல்சுவரில் இருக்கும் பெக்டின் என்னும் பசைப்பொருளை இறுக்கிப் பிடித்துக்கொள்கின்றன என்பதைப் பின்னால்தான் படித்தேன். அவர் அதைப் படிக்காமலேயே மழைக்காலம் முழுவதும் குடத்தை வரிசையாக வைக்கிறவர். பருப்பு பழையதாக இருந்தாலும் இதே கதைதான். எனவே உதகை நண்பரின் அண்டாவில் உயரம் மட்டுமே குற்றவாளி என்று நான் ஒப்புக்கொள்ளமாட்டேன்.

சென்னையிலிருந்து

என் அனுபவம் சிறியது. ஓர் உணவகத்தில் கொண்டைக்கடலைக் குருமாவில் தோல்கள் தனியே மிதந்தன, கடலை நாக்கில் மாவாகக் கரைந்தது, பின்னாலேயே சவர்க்கார வாடை ஒன்று ஏறி வந்தது. அவசரத்துக்குச் சோடா உப்பை அள்ளிப் போட்டிருக்கிறார்கள் என்று முதல் வாயிலேயே தெரிந்துவிட்டது.

யாரும் கேட்கவில்லை என்றாலும் சொல்லிவிடுகிறேன். சோடா உப்பு காரத்தன்மையால் செல்சுவரைத் தளர்த்தி வேகும் நேரத்தைக் குறைக்கும் என்பது உண்மை, ஆனால் தயமின் என்னும் வைட்டமின் அதனால் அழிகிறது. ஆகவே சிட்டிகைக்கு மேல் கூடாது. அதைவிட, தோலுள்ள பயறுகளை இரவே உப்பு நீரில் ஊறவையுங்கள். தோலில் உள்ள கால்சியத்தின் இடத்தைச் சோடியம் பிடித்துக்கொள்வதால் அவை விரைவில் மெத்தென்று வேகும். புளியையும் தக்காளியையும் காய் வெந்த பிறகே சேர்க்க வேண்டும், ஏனெனில் புளிப்பு ஏறிய நீரில் காய் முறுக்கிக்கொண்டு நிற்கும். குக்கர் இருந்தால் மலையிலும் சமவெளிபோல வேகும் என்று யாராவது எழுதுமுன் இதையும் சொல்கிறேன்: வெளியிலிருக்கும் காற்றழுத்தத்துக்கு மேலேதான் குக்கர் தன் அழுத்தத்தைச் சேர்க்கிறது. கடற்கரை ஊரில் ஏறத்தாழ 120 டிகிரியைத் தொடும் அதே குக்கர், உதகையில் சில டிகிரி குறைவாகவே நிற்கும். இரண்டு விசில் கூடுதலாக விடுங்கள்.

டொராண்டோவிலிருந்து

தையில் இங்கே இட்லிமாவு அரைத்தவர்களுக்குத் தெரியும். காலையில் மூடியைத் திறந்தபோது, இரவு கரைத்துவைத்த அளவிலேயே, மேலே ஒரு குமிழிகூட இல்லாமல் மாவு கிடந்தது, அம்மா தொலைபேசியில், "பொங்கிவிட்டதா?" என்று கேட்டார்; நான் பேச்சை மாற்றினேன். மறுமுறை ஓவன் அடுப்பின் உள்விளக்கை மட்டும் எரியவிட்டு மாவை அதற்குள் வைத்தேன், விடியுமுன் பாத்திரத்தின் விளிம்பைத் தாண்டி வழிந்திருந்தது.

கையால் கரைத்தால்தான் புளிக்கும் என்று இங்கே பலர் அடித்துச் சொல்கிறார்கள். லூக்கோநாஸ்டாக் மீசென்டராய்டிஸ் என்ற பாக்டீரியாதான் மாவை உப்பவைக்கிறது என்று 1965ஆம் ஆண்டிலேயே ஓர் ஆய்விதழில் கட்டுரை வந்துவிட்டது. அது உளுந்தோடும் அரிசியோடும் ஏற்கெனவே வந்துவிடுகிறது. அதற்கு வேண்டியது 30 டிகிரியை ஒட்டிய வெதுவெதுப்பு. கரண்டியால் கலக்கியும் எனக்குப் பொங்கியது.

மதுரையிலிருந்து

கரண்டியா கையா என்ற சண்டைக்கு நான் வரவில்லை. ஆட்டுக்கால் சூப்பை இரவு முழுவதும் தணலில் வைத்தே பழகிய எங்கள் அப்பத்தாவுக்கு, முதன்முறையாகக் குக்கரில் வைத்துக் கொடுத்தோம். அவர் எலும்பு முனையைப் பெருவிரலால் அழுத்தினார்; அது பொடிந்தது. குக்கரின் முன்னோடியை 1679ஆம் ஆண்டில் உருவாக்கிய பிரெஞ்சு அறிவியலாளர் தெனி பாப்பன் லண்டனில் அதில் சமைத்துப் பரிமாறிய விருந்தை 1682ஆம் ஆண்டில் உண்ட ஆங்கிலேய எழுத்தாளர் ஜான் ஈவ்லின், மாட்டெலும்பும் ஆட்டெலும்பும் பாலாடைக்கட்டிபோல் மென்மையாகிவிட்டன என்று நாட்குறிப்பில் எழுதிவைத்திருக்கிறார். அப்பத்தாவோ, "வெந்திருக்கு, சாறு எறங்கலை" என்று கிண்ணத்தைத் தள்ளிவிட்டார்.

தம்பி இதை வெறும் பழக்கதோஷம் என்கிறான். நான் அப்படி நினைக்கவில்லை. ஜவ்வு கரைந்து கூழாவது இரண்டிலும் நடக்கிறது, ஆனால் திறந்த சட்டியில் நீர் வற்றிச் சாறு கெட்டிப்படுகிறது. மூடிய குக்கரில் ஊற்றிய நீர் பெரும்பாலும் அப்படியே இருக்கிறது. அடுத்த முறை ஆவி அடங்கியதும் மூடியை எடுத்துவிட்டுச் சிறுதீயில் பாதியாக வற்றவைத்துக் கொடுத்தேன். அப்பத்தா முழுவதையும் குடித்துவிட்டு, மிளகு போதவில்லை என்றார்.