நந்தியாவட்டைப் புழு கறுத்துவிட்டது, சாகிறதா?

கிணற்றடி அம்மாள்:
திருவையாற்றில் எங்கள் கொல்லையில் ஒற்றை நந்தியாவட்டை நிற்கிறது. பூஜைக்கு அதிலிருந்துதான் பூ. ஐப்பசி பிறந்து பத்தே நாளில் நுனிக்கிளைகள் மொட்டை. கீழே துவைக்கிற கல்லில் மிளகு மிளகாக எச்சம் கிடந்தது. அதை வைத்துத்தான் ஆளைப் பிடித்தேன். என் நடுவிரல் நீளம், இலையின் அதே பச்சை, வால் பக்கம் சின்ன மஞ்சள் கொம்பு. ஈர்க்குச்சியால் தொட்டேன். தலையை உள்ளே இழுத்துக்கொண்டு கழுத்தை உப்பியது. இரண்டு நீலக் கண்கள் என்னை முறைத்தன. துடைப்பத்தோடு வந்த மருமகள் ஓடியே போய்விட்டாள்.

பேரன் அழுததால் ஹார்லிக்ஸ் பாட்டிலில் வைத்து இலை போட்டு வந்தோம். இன்று காலை முதுகெல்லாம் பழுத்துக் கறுத்துவிட்டது. இலையைத் தொடவில்லை, பாட்டிலுக்குள் சுற்றிச் சுற்றி வருகிறது. பேரன் பள்ளி விட்டு வருவதற்குள் யாராவது சொல்லுங்கள்.

பூந்தோட்டக்காரர்:
செடிக்கு வேப்பெண்ணெய் தெளியுங்கள். பாட்டிலில் இருப்பதைக் கோழிக்குப் போடுங்கள்.

மன்னார்குடி வாத்தியார்:
கோழியை விடுங்கள். அம்மா, அது சாகவில்லை, கூட்டுப்புழு ஆகப்போகிறது. அதற்கு முன் நிறம் மாறி, தின்பதை நிறுத்தி, மரத்திலிருந்து இறங்கி இடம் தேடி அலையும். அந்த நீலக் கண் வெறும் பொய்க்கண், பறவையை மிரட்ட. கொம்பும் கொட்டாது.

இது அரளி அந்துப்பூச்சி. 1758இல் ஸ்வீடன் நாட்டு இயற்கை அறிஞர் லின்னேயஸ் இதற்கு அறிவியல் பெயர் வைத்தபோதும் அரளியை வைத்துத்தான் வைத்தார். மாட்டையே சாய்த்துவிடும் அரளி இலையை இது கீரை போலத் தின்னும்.

உடனே பாட்டிலை மாற்றுங்கள். வாயகன்ற மண்பானையில் மூன்று விரற்கடை மணல், மேலே காய்ந்த சருகு, சாய்வாக ஒரு சொரசொரப்பான குச்சி. சருகுகளை நாலு இழையால் இழுத்துக் கட்டிக்கொண்டு அதற்குள் படுத்துவிடும். இரண்டு மூன்று வாரம் கிளறவே கூடாது. குச்சி எதற்கென்றால், வெளிவரும் பூச்சி ஏறித் தொங்கினால்தான் சிறகு விரியும். என் முதல் பூச்சி குறுகலான டப்பாவில் வெளிவந்து, சிறகு கசங்கியபடியே செத்தது. இன்றும் மனது கேட்கவில்லை.

கிணற்றடி அம்மாள்:
வாத்தியார் ஐயா, பதினாறாம் நாள் விடிகாலையில் குச்சியில் தொங்கியது! ஒரு சாண் இல்லாவிட்டாலும் அரைச் சாணுக்கு மேலே சிறகு. கரும்பச்சை, இளம்பச்சை, நடுவில் ரோஜா நிறத் தீற்றல். பாசி படிந்த படித்துறைக் கல் மாதிரி. பகலெல்லாம் அசையவில்லை. விளக்கு வைக்கிற நேரத்தில் உடம்பு முழுக்க வெடவெடவென்று நடுங்கியது. குளிர் ஜுரமோ என்று பேரன் கேட்டு வாய் மூடவில்லை, கிணற்றுக்கு மேலே பறந்துவிட்டது.

மன்னார்குடி வாத்தியார்:
அந்த நடுக்கம்தான் அதற்கு அடுப்பு மூட்டுவது. சிறகுத் தசை சூடேறாமல் பறக்க முடியாது. இனி அந்தி நேரத்தில் மல்லிகைப் பந்தலைப் பாருங்கள். பூவில் உட்காராமல், அந்தரத்தில் நின்றபடியே நீண்ட குழலை நீட்டித் தேன் குடிக்கும்.

கிணற்றடி அம்மாள்:
பந்தலில் பார்க்கவில்லை. நேற்று நந்தியாவட்டைக் கொழுந்தின் அடியில் கடுகளவு இளம்பச்சை முட்டைகள் இரண்டு, தள்ளித் தள்ளி. மருமகளிடம் இன்னும் சொல்லவில்லை.