சிஎன்சிக்கு (கம்ப்யூட்டர் ஓட்டற வெட்டு மெஷினுக்கு) ஆள் இல்லைங்கிறாங்க, டிப்ளமோ முடிச்சவனுக்கு ஆபரேட்டர் வேலைதான் தர்றாங்க. எந்தத் திறமைக்குத்தான் பஞ்சம்?

பீளமேடு_மெக்:

எல்லாருக்கும் வணக்கம். இந்த வருஷம் டிப்ளமோ மெக்கானிக்கல் முடிச்சிருக்கேன், 81 சதவீதம், அரியர் இல்லை. கோவைல கணபதி, குறிச்சி சிட்கோ, அரசூர் பக்கம் எங்க போனாலும் "ஆட்கள் தேவை" போர்டு தொங்குது. "ஸ்கில் உள்ள ஆளே கிடைக்கறதில்லை"ன்னு முதலாளிகள் சொல்றாங்க. உள்ள போய்க் கேட்டா கான்ட்ராக்ட்ல ஆபரேட்டர், 12 மணி நேர ஷிஃப்ட், ஜாபை (வெட்ட வேண்டிய பீஸை) மெஷின்ல மாட்டிக் கழட்டற வேலை.

என் முன்னால இருக்கற வழிகள்: அந்த ஆபரேட்டர் வேலை, ஒரு கம்பெனில ஒரு வருஷ அப்ரண்டிஸ், 28,000 ரூபாய் கட்டி 45 நாள் சிஎன்சி புரோகிராமிங் கோர்ஸ், இல்லைன்னா நேரா இரண்டாம் வருஷ பி.இ. உண்மையில எந்த வேலைக்கு ஆள் இல்லை? அதுக்கு என்ன தெரிஞ்சிருக்கணும்? மெஷின் இல்லாம வீட்ல எதைக் கத்துக்கலாம்?

---

குறிச்சி_செட்டர்:

தம்பி, ஆபரேட்டரை ஒரு வாரத்துல பழக்கிடலாம். ஆள் இல்லாதது செட்டருக்கு. டிராயிங் கைக்கு வந்ததுல இருந்து முதல் பீஸ் ஓகே ஆகற வரைக்கும் யாரையும் கேக்காம கொண்டுபோறவர்தான் செட்டர். எந்தப் பக்கம் முதல்ல பிடிக்கணும், சாஃப்ட் ஜா (ஜாபைப் பிடிக்கற மெதுவான தாடை) எவ்வளவு போர் பண்ணணும் (உள்ள குடையணும்), எந்த இன்சர்ட் (டூல்ல மாட்டற வெட்டு முனை), ஆஃப்செட் (டூலோட இடத்தை மெஷினுக்குச் சொல்ற அளவு) எப்படி எடுக்கணும், சைஸ் ஓடினா எதைத் தொடணும், எல்லாம் அவர் தலைல.

முதலாளி ஏன் இவருக்காகத் தவிக்கறார்னு கணக்குப் போட்டுப் பாருங்க. சைக்கிள் டைம் (ஒரு பீஸ் ஓடற நேரம்) 3 நிமிஷம், பேட்ச் 200 பீஸ்னா ஓட்டறதுக்கு 10 மணி நேரம். நல்ல செட்டர் ஒன்றரை மணி நேரத்துல செட்டிங் முடிப்பார், தெரியாதவர் 4 மணி நேரம் இழுப்பார். மத்த கம்பெனிக்கு வெட்டித் தர்ற ஜாப் ஒர்க் கடையில மாசம் 25 செட்டிங் மாறினா ஒரே மெஷின்ல 62 மணி நேரத்துக்கு மேல நின்னுபோகுது. மாட்டிக் கழட்ட கேன்ட்ரி லோடர் வந்துருச்சு, ரோபோ வந்துருச்சு. அந்த ரோபோ ஓடற மெஷினையும் செட்டர்தான் செட் பண்ணணும்.

ஒரு சின்ன விஷயம் சொல்றேன், இது தெரியாமத்தான் நிறையப் பேர் ஆபரேட்டராவே நின்னுடறாங்க. ஃபானுக் கன்ட்ரோல்ல (மெஷினை ஓட்டற கம்ப்யூட்டர்ல ஒரு பிராண்ட்) டூல் ஆஃப்செட்டுக்கு இரண்டு பக்கம்: ஜாமெட்ரி, வியர். டூலை ஜாப்ல தொட்டு எடுக்கறது ஜாமெட்ரி. ஓட்டத்துல சைஸ் திருத்தறது வியர்ல மட்டும். 50 மில்லிமீட்டர் ஷாஃப்ட், வேண்டியது 49.992, அளந்தா 50.020 இருக்குன்னு வைங்க. எக்ஸ்ல (விட்டத்தோட அச்சுல) 0.028 குறைக்கணும். வியர்ல ஏற்கெனவே மைனஸ் 0.045 இருக்கு. மைனஸ் 0.028 அடிச்சு "இன்புட்" அமுக்கினா பழைய மதிப்பு அழிஞ்சு மைனஸ் 0.028 மட்டும் நிக்கும். டூல் 0.017 வெளிய வந்துரும், அடுத்த பீஸ் 50.037. குறையறதுக்குப் பதிலா கூடிருச்சு. அதையே "பிளஸ் இன்புட்"ல போட்டா மைனஸ் 0.073 ஆகும், பீஸ் 49.992 வரும். புள்ளி வைக்க மறந்தா கதையே வேற: பல மெஷின்ல எக்ஸ் 50ன்னு புள்ளி இல்லாம அடிச்சா 0.050 மில்லின்னு எடுத்துக்கும், டூல் நேரா நடு சென்டருக்குப் போகும்.

அடுத்தது இன்சர்ட். பெட்டி மேல சிஎன்எம்ஜி 120408னு இருந்தா 80 டிகிரி வைர வடிவம், இரண்டு பக்கமும் வெட்டும், விளிம்பு சுமார் 12.9 மில்லி, கனம் 4.76, நோஸ் ரேடியஸ் (முனையோட வளைவு) 0.8ன்னு பார்த்தவுடனே சொல்லணும். நோஸ் ரேடியஸ் ஏன் முக்கியம்? ஃபீடோட (ஒரு சுத்துக்கு டூல் நகர்ற தூரம்) வர்க்கத்தை ரேடியஸோட எட்டு மடங்கால வகுத்தா மேற்பரப்புல நிக்கற வரியோட உயரம். 0.8 ரேடியஸ்ல ஃபீட் 0.2ன்னா சுமார் 6.25 மைக்ரான், ஃபீடை 0.1 ஆக்கினா 1.56. 0.4 ரேடியஸ் இன்சர்ட்ல அதே 0.2 ஃபீட் கொடுத்தா 12.5. "ஃபினிஷ் வரலை"ன்னதும் ஸ்பீடைக் கூட்டிக்கிட்டே போறவங்க இந்தக் கணக்கைப் போட்டுப் பார்த்ததே இல்லை.

---

மைக்ரான்_கேஜ்:

செட்டரைப் பற்றி மேலே சொன்னதெல்லாம் சரி. நான் அளவெடுப்பைப் பற்றிச் சொல்கிறேன், டிப்ளமோ முடித்து வருபவர்கள் அதிகம் தடுமாறும் இடம் அது.

50 மி.மீ. ஷாஃப்டுக்கு டிராயிங்கில் சின்ன எச் 6 (h6) என்று போட்டிருந்தால் அனுமதிக்கும் விலகல் (டாலரன்ஸ்) 0 முதல் மைனஸ் 0.016 வரை. துளைக்குப் பெரிய எச் 7 என்றால் 0 முதல் பிளஸ் 0.025 வரை. 0.02 லீஸ்ட் கவுன்ட் (காட்டக்கூடிய மிகச் சிறிய அளவு) உள்ள வெர்னியரைக் கொண்டு 0.016 டாலரன்ஸை அளக்க முடியாது. இன்டர்வியூவில் அந்த ஷாஃப்டையும் வெர்னியரையும் மைக்ரோமீட்டரையும் மேசை மேல் வைத்துவிட்டு எதை எடுக்கிறார் என்று மட்டும் பார்க்கிற கம்பெனிகள் உண்டு.

வெப்பத்தையும் மறக்கக் கூடாது. எஃகு ஒரு மீட்டருக்கு ஒரு டிகிரிக்கு 11.5 மைக்ரான் அளவில் விரியும். வெட்டி முடித்து அறை வெப்பத்தைவிட 10 டிகிரி சூடாக இருக்கும் 50 மி.மீ. ஜாபை உடனே அளந்தால் சுமார் 6 மைக்ரான் கூடுதலாகக் காட்டும். உங்களிடம் இருப்பதே 16 மைக்ரான். சூட்டில் அளந்து வியரில் திருத்தினால் ஆறிய பிறகு அண்டர்சைஸ் (அளவு குறைவு) ஆகும், ஷாஃப்ட் அண்டர்சைஸ் ஆனால் ஸ்கிராப்தான்.

இன்னொன்று. மெல்லிய புஷ்ஷை (குழாய் போன்ற உருளையை) மூன்று ஜா சக்கில் (மூன்று தாடைப் பிடிப்பானில்) முழு பிரஷரில் பிடித்துப் போர் செய்தால், கழற்றியதும் துளை மூன்று முனையாக இழுத்துக்கொள்ளும். இரண்டு புள்ளி போர் கேஜை எந்தத் திசையில் திருப்பினாலும் ஏறக்குறைய ஒரே அளவைக் காட்டும், ஆனால் பிளக் கேஜ் (துளைக்குள் நுழைத்துப் பார்க்கும் உருளை அளவி) உள்ளே போகாது. "கேஜ் தப்பு" என்று சண்டை நடக்கும். கேஜ் சரியாகத்தான் இருக்கும். பிரஷரைக் குறைக்க வேண்டும், சாஃப்ட் ஜாவை ஜாபின் வெளிவிட்டத்துக்கே போர் செய்து பிடிப்புப் பரப்பைக் கூட்ட வேண்டும்.

ஜிடி அண்ட் டி (டிராயிங்கில் வடிவம், இடம் இவற்றின் டாலரன்ஸைச் சொல்லும் முறை) குறியீடுகளில் ரன்அவுட் (சுழலும்போது ஆட்டம்), பொசிஷன் (இடம்), பர்பெண்டிகுலாரிட்டி (செங்குத்து), டேட்டம் (அளக்கத் தொடங்கும் ஆதாரம்) இந்த நான்கையும் தெளிவாகப் படியுங்கள். மற்றவை வேலையில் வந்துவிடும்.

---

ஓசூர்_ப்ராசஸ்:

ஒன்றை மாற்றிச் சொல்ல வேண்டியிருக்கிறது. "திறமைப் பஞ்சம்" என்று சொல்லும் கம்பெனிகளில் பாதிக்கு மேல் செட்டரை உருவாக்குவதே கிடையாது. பக்கத்துக் கடையில் பழகினவரை 2,000 ரூபாய் சேர்த்துக் கொடுத்து இழுக்கிறார்கள். எல்லாரும் இழுத்தால் மொத்த எண்ணிக்கை எப்படிக் கூடும்? ஆபரேட்டரை இரண்டு வருடம் ஒரே மெஷினில் கட்டிப்போட்டுவிட்டு, ஆஃப்செட் பக்கத்தைப் பூட்டிச் சாவியைச் சூப்பர்வைசரிடம் கொடுத்துவிட்டு, பிறகு செட்டர் கிடைக்கவில்லை என்றால் எங்கிருந்து வருவார்? படித்து வருகிற பிள்ளைகள் மேல் மட்டும் பழி போடுவது நியாயம் இல்லை.

அதனால் தம்பி, எந்த வழியில் போனாலும் கேட்க வேண்டியது ஒன்றுதான்: "எத்தனை மாதத்தில் என் கையால் செட்டிங் செய்ய விடுவீர்கள்?"

அப்ரண்டிஸ் பற்றி: டிப்ளமோவுக்கு நாட்ஸ் (மத்திய அரசின் அப்ரண்டிஸ் திட்டம்) போர்ட்டலில் பதிவு, தெற்குப் பகுதிக்கான போர்டு சென்னை தரமணியில் இருக்கிறது. ஒரு வருடம், உதவித்தொகை, முடிவில் சான்றிதழ். வேலை உத்தரவாதம் கிடையாது. ஒரு வருடமோ அதற்கு மேலோ வேலை அனுபவம் சேர்ந்துவிட்டால் அந்தக் கதவு மூடிவிடும், எனவே ஆபரேட்டர் வேலையில் சேர்ந்துவிட்டுப் பிறகு பார்க்கலாம் என்று விடாதீர்கள். சேரும் முன் பயிற்சி அட்டவணையைக் கேட்டு வாங்குங்கள். டர்னிங், மில்லிங், டூல் ரூம் (கருவி, அச்சு செய்யும் பிரிவு), தரம் என்று சுழற்சி எழுதியிருந்தால் சேரலாம். "புரொடக்ஷன்" என்று ஒரே சொல் இருந்தால் அது குறைந்த சம்பள ஆபரேட்டர் வேலைதான்.

என் கருத்தில் டூல் ரூம் உள்ள கம்பெனியில் அப்ரண்டிஸ், மற்ற மூன்று வழிகளையும்விட மேல்.

---

பீளமேடு_மெக்:

ரொம்ப நன்றிங்க அண்ணா எல்லாருக்கும். அந்த 45 நாள் கோர்ஸ்ல இரண்டு மெஷின் இருக்கு, ஒரு பேட்சுக்கு 20 பேர். சேரலாமா? பி.இ. போனா இந்த வேலைக்கு உதவுமா?

---

ஓசூர்_ப்ராசஸ்:

கணக்கை நீங்களே போடலாம். ஒரு நாளைக்கு 3 மணி நேரம் மெஷின் ஓடுகிறது என்று தாராளமாக வைத்தாலும் இரண்டு மெஷினுக்கு 6 மணி நேரம், 20 பேருக்குப் பிரித்தால் தலைக்கு 18 நிமிடம். 45 நாளுக்கும் சேர்த்துப் பதின்மூன்றரை மணி நேரம். அதற்கு 28,000 கொடுக்காதீர்கள். மெட்டல் வெட்டுகிறார்களா, அலுமினியமும் மெழுகும் மட்டுமா, கன்ட்ரோல் ஃபானுக்கோ சீமென்ஸோ நிஜமானதா என்று எந்தக் கோர்ஸிலும் கேளுங்கள்.

பணம் கட்டிப் படிப்பதென்றால் சிஐடிடி சென்னை மையம், கோவை ஜிடி டெக்னிகல் ட்ரெயினிங் இன்ஸ்டிடியூட், என்டிடிஎஃப் மாதிரி பட்டறையோடு பயிற்சி தருகிற இடங்களை முதலில் விசாரியுங்கள். தமிழ்நாட்டில் 71 அரசு ஐடிஐகளை டாட்டா டெக்னாலஜீஸ் துணையோடு தொழில்நுட்ப மையங்களாக மாற்றியிருக்கிறார்கள். அங்கே சிஎன்சி மெஷின்களும் ரோபோக்களும் வந்திருக்கின்றன. உங்கள் வீட்டுக்குப் பக்கத்து ஐடிஐயில் டிப்ளமோ முடித்தவர்களுக்குக் குறுகிய காலப் பயிற்சி உண்டா என்று நேரில் போய்க் கேளுங்கள்.

பி.இ. தவறு இல்லை. ப்ராசஸ் என்ஜினியரிங், டிசைன், டூல் டிசைன் பக்கம் மேலே போகப் பிற்காலத்தில் பட்டம் கேட்பார்கள். ஆனால் பட்டறை பழகாமல் பி.இ. முடித்தால் மூன்று வருடம் கழித்து இதே கேள்வியோடு வந்து நிற்பீர்கள். அப்ரண்டிஸ் முடித்துவிட்டுப் பகுதி நேரப் பட்டப்படிப்பு கிடைக்குமா என்று பாருங்கள்.

---

குறிச்சி_செட்டர்:

வீட்ல கத்துக்கறதுக்கு வர்றேன். லேப்டாப் இருந்தா ஃப்ரீகேட் (டிராயிங் போடற சாஃப்ட்வேர்) போடுங்க, இலவசம், கேம் பகுதியும் (டிராயிங்ல இருந்து மெஷின் புரோகிராம் எடுக்கறது) உள்ளயே இருக்கு. அதே மாதிரி சாஃப்ட்வேர் ஃபியூஷன் தனிநபர் உரிமமும் இலவசம்தான், ஆனா அதுல ரேப்பிட் (வெட்டாம நகர்ற) வேகம் மட்டுப்படுத்தி இருக்கும், டூல் மாத்தற புரோகிராம் ஒரே ஃபைல்ல வராது. பழகறதுக்குப் போதும்.

சாஃப்ட்வேர் போடறதுக்கு முன்னால ஒரு மாசம் கையால எழுதுங்க. மூணு ஸ்டெப், ஒரு டேப்பர், ஒரு ரேடியஸ், ஒரு குரூவ், ஒரு எம்24 திரெட் உள்ள ஷாஃப்டை வரைஞ்சு ஜி71 (ரஃப்பா வெட்டறது), ஜி70 (ஃபினிஷிங்), ஜி76 (திரெட்) கோடு வெச்சு முழு புரோகிராம் எழுதுங்க. ஜி71ல முதல் வரில வர்ற யு ஒரு தடவை வெட்டற ஆழம், அதை ரேடியஸ்ல கொடுக்கணும். இரண்டாவது வரில வர்ற யு ஃபினிஷிங்குக்கு விடற அளவு, அது டயாமீட்டர்ல. இந்த இரண்டையும் குழப்பிக்காதவங்க ரொம்பக் கம்மி.

ஸ்பீடு கணக்கு மனசுல ஓடணும். வெட்டற வேகம் நிமிஷத்துக்கு 180 மீட்டர், 50 மில்லி டயான்னா சுமார் 1,146 ஆர்பிஎம். அதே ஜி96ல (வெட்டற வேகத்தை மாறாம வைக்கற கோடு) ஃபேசிங் (முகப்பை வெட்டறது) பண்ணி சென்டரை நோக்கிப் போகப் போக ஆர்பிஎம் ஏறிக்கிட்டே போகும். மேல ஜி50 எஸ் 2500ன்னு வரம்பு போடாம விட்டா மெஷினோட உச்சத்துக்குப் போயிரும், சக்கோட பிடி தளர்ந்து ஜாப் பறக்கும். உயிர் சம்பந்தப்பட்டது, புரோகிராம் எழுதும்போதே அந்த வரி கை தன்னால எழுதணும்.

விஎம்சி (செங்குத்து மில்லிங் மெஷின்) பக்கம் போறதா இருந்தா டாப்பிங்ல (துளைக்குள்ள திரெட் போடறதுல) ஆரம்பிங்க. எம்8, பிட்ச் 1.25, டிரில் 6.8. 400 ஆர்பிஎம்னா ஃபீட் 500. ஆர்பிஎம்மை மாத்திட்டு ஃபீடை மாத்தாம விட்டா டாப் உள்ளயே ஒடியும்.

அப்புறம் கருவி. 0-25 மைக்ரோமீட்டர் ஒண்ணு சொந்தமா வாங்குங்க. பழைய பேரிங், டிரில் பிட், பின் எது கிடைச்சாலும் பத்துத் தடவை அளந்து எழுதுங்க. பத்து அளவும் 0.005க்குள்ள வந்தா கை பழகிருச்சுன்னு அர்த்தம். ரேட்சட்டைத் (கடைசில இருக்கற சின்னக் குமிழை) திருகாம திம்பிளைப் (சுத்தற உருளையைப்) பிடிச்சு இறுக்கற பழக்கம் மட்டும் வந்துடக் கூடாது.

இன்டர்வியூவுக்குப் போறப்போ மார்க் ஷீட்டோட அந்த ஷாஃப்ட் டிராயிங், கையால எழுதின புரோகிராம், டூல் லிஸ்ட், எந்த அளவை எந்தக் கருவில பார்க்கணும்னு ஒரு தாள், இந்த நாலையும் ஃபைல்ல வெச்சுக் கொண்டுபோங்க. சூப்பர்வைசர் அதைப் புரட்ட ஆரம்பிச்சா உங்ககிட்ட பேசற பேச்சே மாறும். சம்பளம் பேசும்போது செட்டிங் டிரெய்னின்னு பதவியை ஆஃபர் லெட்டர்ல எழுதித் தரச் சொல்லுங்க. வாய்ல சொன்னதை நம்பி சேராதீங்க. டிராயிங் வரைஞ்சதும் இங்கயே போடுங்க தம்பி, புரோகிராமைப் பார்த்துத் தர்றேன்.